நோயில்லாதவளுக்கு ஒரு கடிதம்

வைத்தியருக்கும் நோயாளிக்கும் உள்ள உறவு ஆதிகாலம் தொட்டு ஒரே மாதிரியாகத்தான் இருந்து வந்திருக்கிறது. வலி எடுத்தவன் வைத்தியரைத் தேடிப் போவான். வைத்தியர் நாடி பார்ப்பார், நாக்கை நீட்டச் சொல்வார், மருந்து கொடுப்பார். அவர் நம் வீட்டுக்கே வந்தாலும், நாம் ஆள் அனுப்பியதால்தான் வருவார். திண்ணையில் உட்கார்ந்து வெற்றிலை போட்டுக் கொண்டிருக்கும் திடகாத்திரமான மனிதரைப் பார்த்து, "ஓய், உமக்கு உள்ளே ஏதாவது இருக்கலாம், வாரும், பார்க்கலாம்" என்று எந்த வைத்தியராவது கூப்பிட்டால் என்ன ஆகும்? பாவம், தொழில் மந்தம் போலிருக்கிறது என்று ஊர் சிரிக்கும்.

இந்த உறவைத் தலைகீழாகத் திருப்பி வைக்கும் ஏற்பாடுகள் இருபதாம் நூற்றாண்டில்தான் தோன்றின. அவற்றுள் பெரியதொன்று 1988-ஆம் வருஷம் பிரிட்டனில் ஆரம்பமாயிற்று. ஐம்பது வயதைத் தாண்டிய பெண்மணிகளுக்குச் சர்க்காரின் சுகாதார சேவையிலிருந்து ஒரு கடிதம் வரத் தொடங்கியது. "உங்களுக்கு மார்பகத்தில் எக்ஸ்ரே படம் எடுக்க இன்ன தேதி, இன்ன நேரம், இன்ன இடம்" என்பதுதான் அதன் சாராம்சம். கடிதத்தைப் பெற்றவளுக்கு உடம்பில் ஒரு கோளாறும் இராது. அவள் கேட்கவும் இல்லை. ஆனால் கடிதம் வந்து விட்டது. மூன்று வருஷத்துக்கு ஒரு முறை அது வந்துகொண்டே இருக்கும்.

கதை எழுதிப் பிழைக்கும் எனக்கு இந்தக் கடிதத்தின் மேல் ஒரு தனிக் கவர்ச்சி உண்டு. நாவலாசிரியன் ஒருத்தியைப் பற்றித்தான் எழுத முடியும். அவள் பெயர், அவள் முகம், அவள் பயம். இந்தக் கடிதத்தை அனுப்புகிறவர்களோ லட்சம் பேரைப் பற்றித்தான் யோசிக்க முடியும். லட்சம் பேருக்கென்று யோசித்ததை ஒருத்தியின் விலாசத்துக்கு அனுப்புகிறார்கள். அந்த இடைவெளியில்தான் இந்தச் சரித்திரம் முழுவதும் இருக்கிறது.

கடிதத்தின் அருமை தெரிய வேண்டுமானால் அது வராத காலத்தைப் பார்க்க வேண்டும். ஃபானி பர்னி என்று ஓர் ஆங்கில நாவலாசிரியை இருந்தாள். 1778-இல் 'ஈவ்லினா' என்ற நாவலை எழுதிப் புகழ் பெற்றவள். ஒரு பிரெஞ்சுக்காரரை மணந்து, நெப்போலியன் காலத்தில் பாரிஸில் வசித்து வந்தாள். அங்கே அவளுக்கு மார்பில் ஒரு கட்டி கண்டது. 1811-ஆம் வருஷம் செப்டம்பர் 30-ஆம் தேதி, நெப்போலியனுடைய ராணுவ வைத்தியரான லாரே அவள் வீட்டிலேயே ரண சிகிச்சை செய்தார். இரண்டு மணி நேரத்துக்கு முன்னால்தான் அவளுக்குச் சேதி சொல்லப்பட்டது. கறுப்பு உடை அணிந்த ஏழு பேர் அறைக்குள் வந்தார்கள். மயக்க மருந்து என்பது ஐரோப்பாவில் வழக்கத்துக்கு வராத காலம். ஈதர் வருவதற்கு இன்னும் முப்பத்தைந்து வருஷம் இருந்தது. ஒரு மிடறு மதுவைக் கொடுத்து, முகத்தின் மேல் ஒரு மெல்லிய கைக்குட்டையைப் போட்டார்கள். கைக்குட்டையின் வழியே கத்தி பளபளப்பது அவளுக்குத் தெரிந்தது. மாதங்கள் சென்ற பிறகு, தன் சகோதரிக்கு இதையெல்லாம் ஒரு கடிதமாக எழுதினாள். எழுதியதைத் திருப்பிப் படிக்க அவளுக்குத் தைரியம் வரவில்லை.

பர்னி பிழைத்துக் கொண்டாள். 1840-இல், எண்பத்தேழாம் வயதில்தான் காலமானாள். இதை நேயர்கள் சற்று நினைவில் வைத்துக் கொள்ள வேண்டும். பின்னால் இது வேண்டியிருக்கும்.

அந்தக் காலத்தில் கட்டி என்பது கைக்கு அகப்பட்ட பிறகுதான் கட்டி. கைக்கு அகப்படும்போது அது பெரும்பாலும் வேரூன்றி விட்டிருக்கும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் அமெரிக்காவில் ஹால்ஸ்டெட் என்ற டாக்டர் மார்பகத்தையும், அதன் கீழுள்ள தசைகளையும், கக்கத்து நெறிக்கட்டிகளையும் ஒருசேர அகற்றும் பெரிய சிகிச்சையைக் கொண்டு வந்தார். மயக்க மருந்து வந்து விட்டபடியால் நோயாளிக்கு வேதனை தெரியவில்லை. ஆனால் சிகிச்சை பெரிதானதே தவிர, நோய் கண்டுபிடிக்கப்படும் வேளை முன்னுக்கு வரவில்லை.

கைக்கு எட்டாததைக் கண்ணுக்குக் காட்டியது எக்ஸ்ரே. ராண்ட்கன் 1895-இல் அதைக் கண்டுபிடித்தார். பெர்லினில் ஆல்பர்ட் ஸாலமன் என்ற ரண சிகிச்சை டாக்டர், அறுத்து எடுக்கப்பட்ட சுமார் 3,000 மார்பகங்களை எக்ஸ்ரே படம் எடுத்துப் பார்த்து, புற்று எப்படிப் பரவுகிறது, படத்தில் எப்படித் தெரிகிறது என்று 1913-இல் எழுதினார். சுண்ணாம்புத் துகள் போன்ற மிக நுண்ணிய புள்ளிகள் படத்தில் தெரிவதை முதலில் கண்டவர் அவர்தான். இன்றைக்கும் படம் பார்க்கிறவர்கள் தேடுகிற அடையாளங்களில் அந்தப் புள்ளிகள் ஒன்று.

ஸாலமன் யூதர். 1933-இல் ஹிட்லர் ஆட்சி வந்ததும் அவருடைய பேராசிரியர் உத்தியோகம் பறிபோயிற்று. 1938-இல் சிறை முகாமில் அடைத்தார்கள். வெளியே வந்து ஹாலந்துக்கு ஓடினார். அவருக்கு ஒரே பெண், சார்லட். சித்திரக்காரி. பிரான்ஸில் ஒளிந்திருந்த காலத்தில் தன் வாழ்க்கையை நூற்றுக்கணக்கான வர்ணச் சித்திரங்களாகத் தீட்டி வைத்தாள். 1943-இல் அவளைப் பிடித்து ஆஷ்விட்ஸுக்கு அனுப்பிக் கொன்று விட்டார்கள். தகப்பனார் உயிர் தப்பினார். லட்சக்கணக்கான தாய்மார்களுக்குப் பயன்படப் போகிற ஒன்றுக்கு வித்திட்டவர், தம் ஒரே பெண்ணைக் காப்பாற்ற முடியாமல் போனார். நாவலில் எழுதினால் வாசகர்கள் நம்ப மாட்டார்கள். சரித்திரத்துக்கு அந்தக் கூச்சம் கிடையாது.

யுத்தத்துக்குப் பிறகு காரியம் வேகமாக நடந்தது. அமெரிக்காவில் ஹூஸ்டன் நகரத்தில் ராபர்ட் ஈகன் என்பவர், தெளிவான மார்பகப் படம் எடுக்கும் முறையை ஒழுங்கு செய்து 1960-இல் வெளியிட்டார். யார் எடுத்தாலும் ஒரே மாதிரி வரும்படியான முறை அது. இனி நோய் இல்லாதவர்களுக்கும் படம் எடுத்துப் பார்க்கலாமே என்ற எண்ணம் எழுந்தது.

இந்த இடத்தில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. சீக்கிரம் கண்டுபிடித்தால் நல்லதுதானே, இதற்கென்ன பரீட்சை என்று தோன்றும். அப்படியல்ல. எழும்பூருக்கு வரும் ஒரு ரயிலை நினைத்துக் கொள்ளுங்கள். ஒருவர் திருச்சியில் ஏறினார். மற்றொருவர் விழுப்புரத்தில் ஏறினார். திருச்சிக்காரர் அதிக நேரம் பிரயாணம் செய்தார் என்பது வாஸ்தவம். ஆனால் எழும்பூரில் இருவரும் ஒரே சமயத்தில்தான் இறங்கினார்கள். நோயை இரண்டு வருஷம் முன்னதாகக் கண்டுபிடித்து, அந்த அம்மாள் அதே நாளில் இறந்து போனால், 'நோய் கண்ட பின் இத்தனை வருஷம் உயிரோடிருந்தாள்' என்ற கணக்கு மட்டும் நீளும், ஆயுள் நீளாது. அவளுக்குக் கிடைத்தது இரண்டு வருஷம் அதிகக் கவலைதான்.

ஆகவே கேட்க வேண்டிய கேள்வி, எத்தனை நாள் பிரயாணம் என்பதல்ல. எத்தனை பேர் இறந்தார்கள் என்பதே. இதைக் கேட்டவர்கள் நியூயார்க்கில் மூன்று பேர்: எக்ஸ்ரே டாக்டர் பிலிப் ஸ்ட்ராக்ஸ், ரண சிகிச்சை டாக்டர் லூயி வேனே, கணக்கு நிபுணர் ஸாம் ஷாபிரோ. ஸ்ட்ராக்ஸின் மனைவி இளவயதிலேயே மார்பகப் புற்றுநோயால் இறந்தவள். ஒரு சுகாதார இன்ஷூரன்ஸ் ஸ்தாபனத்தில் அங்கத்தினராக இருந்த, 40 முதல் 64 வயது வரையுள்ள சுமார் 62,000 பெண்களை 1963-இன் கடைசியிலிருந்து அவர்கள் இரு பாதிகளாகப் பிரித்தார்கள். ஒரு பாதியினரை வருஷந்தோறும் பரிசோதனைக்கும் படத்துக்கும் அழைத்தார்கள். மறு பாதியினர் வழக்கம்போல் இருந்தார்கள். அழைத்தும் வராதவர்களை அழைக்கப்பட்டவர்கள் கணக்கிலேயே வைத்தார்கள்; வந்தவர்களை மட்டும் எண்ணினால், இயல்பாகவே உடம்பைப் பேணுகிறவர்களைப் பொறுக்கி எடுத்ததாகி விடுமல்லவா? பத்து வருஷத்துக்குப் பின் பார்த்தபோது, அழைக்கப்பட்ட பாதியில் மார்பகப் புற்றுநோயால் இறந்தவர்கள் ஏறக்குறைய 30 சதவிகிதம் குறைவாக இருந்தார்கள்.

பிறகு ஸ்வீடன் தேசத்தில் இரண்டு மாகாணங்களில், 1977 முதல், கையால் பரிசோதிக்காமல் எக்ஸ்ரே படம் ஒன்றை மட்டுமே வைத்துச் சோதித்தார்கள். லாஸ்லோ தாபார் என்ற டாக்டர் அதை நடத்தினார். 1985-இல் வெளியான முடிவு 31 சதவிகிதம் குறைவு என்றது. அதே வருஷம் பிரிட்டிஷ் சர்க்கார், எடின்பரோவில் ரண சிகிச்சைப் பேராசிரியராக இருந்த பாட்ரிக் ஃபாரஸ்டின் தலைமையில் ஒரு கமிட்டி நியமித்தது. 'ஆரம்பிக்கலாம்' என்று கமிட்டி சொல்லிற்று. 1987-இல் சர்க்கார் ஒப்புக் கொண்டது. 1988-இல் கடிதங்கள் புறப்பட்டன.

படம் எடுக்கும் யந்திரம் இருந்தால் போதும், திட்டம் நடந்து விடும் என்று நினைப்பது, நாதஸ்வரம் வாங்கி விட்டால் கலியாணம் நடந்து விடும் என்று நினைப்பது போலத்தான். முதலில் வேண்டியது ஒரு ஜாபிதா. பிரிட்டனில் 1948-இல் ஏற்பட்ட தேசிய சுகாதார சேவையின் கீழ், ஒவ்வொருவரும் தங்கள் பேட்டையிலுள்ள ஒரு டாக்டரிடம் பெயரைப் பதிந்து கொள்கிறார்கள். அந்தப் பதிவேடுகளே திட்டத்தின் அஸ்திவாரம். ஒரு டாக்டரிடம் பதிந்த பெண்களையெல்லாம் ஏறக்குறைய ஒரே காலத்தில் அழைக்கிறார்கள்; பிறகு அடுத்த டாக்டரின் பதிவேடு. இப்படி ஊரைச் சுற்றி வர மூன்று வருஷமாகும். அதனால்தான் முதல் கடிதம் சரியாக ஐம்பதாவது பிறந்த நாளன்று வராமல், ஐம்பதுக்கும் ஐம்பத்து மூன்றுக்கும் இடையில் எப்போதாவது வருகிறது. ஆரம்பத்தில் 64 வயது வரை அழைத்தார்கள். பிறகு 70 வரை நீட்டினார்கள்.

பெண்கள் ஆஸ்பத்திரிக்குத்தான் போக வேண்டும் என்பதில்லை. பல இடங்களில் யந்திரத்தைச் சுமந்த பெரிய மோட்டார் வண்டி ஒன்று கடைவீதியில் கார் நிறுத்துமிடத்தில் வந்து நிற்கும். காய்கறி வாங்க வந்தவள் அப்படியே போய்விட்டு வரலாம். படம் எடுப்பவர்கள் பெண்களே. மார்பகத்தை இரு தட்டுகளுக்கிடையே வைத்துச் சில விநாடிகள் அழுத்துகிறார்கள். சிலருக்கு வலிக்கும். ஆனால் அழுத்தினால்தான் தசை பரவலாகி நிழலின் மேல் நிழல் விழாமல் இருக்கும். எக்ஸ்ரேயும் குறைந்த அளவு போதும். மேலிருந்து ஒன்று, சாய்வாக ஒன்று. ஆக இரு பக்கமும் சேர்த்து நான்கு படங்கள்.

படங்களை இரண்டு பேர் பார்க்கிறார்கள். அபிப்பிராயம் மாறுபட்டால் மூன்றாமவரோ, சில பேர் சேர்ந்தோ தீர்ப்புச் சொல்வார்கள். பார்க்கிறவர் ஒவ்வொருவரும் வருஷத்துக்கு 5,000 பேருடைய படங்களாவது பார்த்தாக வேண்டும் என்று விதி. நெல்லில் கல் பொறுக்குகிறவளுக்குக் கண் பழகுவது போல, இதற்கும் கண் பழக வேண்டும். பழகிய கண் மங்காமலும் இருக்க வேண்டும்.

சுமார் இரண்டு வாரத்தில் பதில் வந்து விடும். நூறு பேரில் 96 பேருக்கு, 'ஒன்றுமில்லை' என்று வரும். மீதி நான்கு பேரை மறுபடி வரச் சொல்கிறார்கள். கையால் பரிசோதித்து, இன்னும் படம் எடுத்து, ஒலி அலைகளால் பார்த்து, வேண்டுமானால் ஊசி போட்டுத் துளி சதையை எடுத்துச் சோதிக்கிறார்கள். நான்கு பேரில் மூவருக்கு ஒன்றுமில்லை என்று முடியும். ஒருத்திக்குப் புற்றுநோய் இருக்கும். அந்த மூன்று பேர் பதில் வரும் வரை சோறு தண்ணீர் இல்லாமல் கிடந்ததற்குக் கணக்குப் புஸ்தகத்தில் பத்தி கிடையாது. அது போலவே, 'ஒன்றுமில்லை' என்று பதில் பெற்றவர்களிலும் சிலருக்கு அடுத்த கடிதம் வருவதற்குள் நோய் தலைகாட்டுவதுண்டு. கடிதம் உத்தரவாதச் சீட்டு அல்ல.

இனித்தான் கதையில் சிக்கல் ஆரம்பிக்கிறது.

கானடா தேசத்தில் 1980 முதல் சுமார் 90,000 பெண்களை வைத்து ஓர் ஆராய்ச்சி நடந்தது. இருபத்தைந்து வருஷக் கணக்கை 2014-இல் வெளியிட்டார்கள். படம் எடுத்துக் கொண்டவர்களுக்கும் எடுத்துக் கொள்ளாதவர்களுக்கும் இறப்பில் வித்தியாசமே இல்லை என்றது அது. அந்த ஆராய்ச்சியின் படங்கள் சரியில்லை, பெண்களைப் பிரித்த விதம் சரியில்லை என்று எதிர்க் கட்சியினர் வாதித்தார்கள். பிரிட்டனிலேயே மைக்கேல் பாம் என்ற ரண சிகிச்சைப் பேராசிரியர், ஆரம்ப காலத்தில் பரிசோதனை நிலையம் அமைத்துக் கொடுத்தவர், பிற்பாடு திட்டத்தைக் கடுமையாகக் கண்டிக்கலானார். பெண்களுக்கு அனுப்பும் துண்டுப் பிரசுரத்தில் நன்மையைத்தான் சொல்கிறீர்கள், தீமையைச் சொல்லவில்லை என்பது அவருடைய குற்றச்சாட்டு.

என்ன தீமை? நேயர்கள் ஃபானி பர்னியை இப்போது நினைத்துக் கொள்ள வேண்டும். கட்டியை அறுத்த பின் அவள் இருபத்தெட்டு வருஷம் இருந்தாள். லாரேயின் கத்தி அவளைக் காப்பாற்றியது என்று சொல்லலாம். அது புற்றுநோயாகவே இராது, அறுத்திருக்க வேண்டியதில்லை என்றும் சொல்லலாம். பிற்கால டாக்டர்கள் சிலர் அப்படித்தான் சந்தேகிக்கிறார்கள். எது உண்மை என்று அவளுக்குத் தெரியாது, லாரேக்கும் தெரியாது. இனி யாருக்கும் தெரியப் போவதில்லை.

இன்றைக்குப் புற்றுநோயா, அல்லவா என்பதில் அவ்வளவு சந்தேகம் இல்லை. நுண்காட்டியின் கீழ் வைத்துப் பார்த்துச் சொல்லி விடுகிறார்கள். ஆனால் புற்றுநோய் எல்லாம் ஒரே சுபாவம் உடையவை அல்ல. சில காட்டுத் தீ போலப் பரவும். சில பால் குழாய்களுக்குள்ளேயே அடங்கிக் கிடக்கும். சில அவ்வளவு மெதுவாக வளரும். அந்த அம்மாள் பேரன் பேத்தி எடுத்து, வேறு ஏதோ காரணத்தால் காலமாகும் வரை தொந்தரவு கொடுத்தே இராது. படம் எடுத்திராவிட்டால் அப்படி ஒன்று இருந்ததே தெரிந்திராது. எடுத்ததால் தெரிந்தது, தெரிந்ததால் கத்தி. எது பரவும், எது பேசாமல் கிடக்கும் என்று ஒவ்வொருத்திக்கும் நிச்சயமாகப் பிரித்துச் சொல்லும் வித்தை இன்னும் வரவில்லை. ஆகையால் எல்லோருக்கும் சிகிச்சை.

சண்டை முற்றவே, 2012-இல் மைக்கேல் மார்மட் தலைமையில் ஒரு தனிக் கமிட்டி பழைய ஆராய்ச்சிகளையெல்லாம் எடுத்து வைத்துக் கணக்குப் பார்த்தது. ஐம்பது வயதுள்ள 10,000 பெண்களை இருபது வருஷம் அழைத்து வந்தால், மார்பகப் புற்றுநோயால் நேரும் மரணத்தில் 43 தடுக்கப்படும். 129 பேருக்கு, வாழ்நாளில் தொந்தரவே கொடுத்திராத புற்று கண்டுபிடிக்கப்பட்டுச் சிகிச்சை நடக்கும். சுமாராகச் சொன்னால், ஓர் உயிர் பிழைப்பதற்கு மூன்று பேர் வீணாகக் கத்திக்குத் தலை கொடுக்கிறார்கள். நாடு முழுவதுக்கும் வருஷத்தில் சுமார் 1,300 உயிர்கள் தப்புகின்றன என்றும், ஆகவே திட்டம் தொடரட்டும் என்றும் கமிட்டி சொல்லிற்று. அதோடு, பெண்களிடம் இரண்டு பக்கத்தையும் சொல்லுங்கள் என்றும் சொல்லிற்று.

இந்தக் கணக்கில் என்னைத் தூங்கவிடாமல் செய்வது ஒன்றுண்டு. அந்த 43 பேர் யார்? யாருக்கும் தெரியாது. அந்த 129 பேர் யார்? அதுவும் தெரியாது. சிகிச்சை முடிந்து வீடு திரும்பிய ஒவ்வொருத்தியும், "அந்தக் கடிதம் வந்திராவிட்டால் நான் போயிருப்பேன்" என்றுதான் சொல்வாள். வீணாகக் கத்தி பட்டவளும் அதையேதான் சொல்வாள். அவள்தான் நெடுங்காலம் இருந்து எல்லோரிடமும் சொல்லுவாள். திட்டம் அதிகமாகத் தீமை செய்தால், அதை வாழ்த்துகிறவர்களின் எண்ணிக்கையும் அதிகமாகும்! கடவுளுக்கு மட்டும் தெரிந்த ஒரு ஜாபிதா எங்கோ இருக்கிறது. சர்க்காரிடம் இருப்பது விலாச ஜாபிதாதான்.

அந்த விலாச ஜாபிதாவும் ஒரு முறை ஆட்டம் கண்டது. 2018 மே மாதம் சுகாதார மந்திரி பார்லிமெண்டில் எழுந்து, 2009 முதல் நான்கரை லட்சம் பெண்களுக்குக் கடைசிக் கடிதம் போகாமல் இருந்திருக்கலாம் என்றார். நாடே கலங்கிப் போயிற்று. வருஷக் கடைசியில் தனி விசாரணையின் அறிக்கை வந்தபோது, எண்ணிக்கை அதைவிட மிகக் குறைவு என்று தெரிந்தது. கடைசிக் கடிதம் எந்த வயதில் போக வேண்டும் என்பதையே ஏட்டில் ஒரு விதமாகவும் நடைமுறையில் வேறு விதமாகவும் புரிந்துகொண்டிருந்தார்கள்! இதற்குள் எத்தனை குடும்பங்களில், இறந்து போன தாயாருக்குக் கடிதம் வந்ததா, இல்லையா என்று பழைய காகிதங்களைப் புரட்டியிருப்பார்களோ! கேட்காமல் கொடுக்கத் தொடங்கியதை நிறுத்தினால், அது பறித்ததற்குச் சமானமாகி விடுகிறது.

இதற்காகத் திட்டமே வேண்டாம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. 1,300 உயிர் என்பது 1,300 வீடு. ஆனால் ஒரு வித்தியாசத்தை மறக்கக் கூடாது. வலியோடு வந்தவனுக்கு வைத்தியர் தம்மால் ஆனதைச் செய்கிறார். பலிக்காவிட்டால் விதி என்று விடுகிறோம். வலியில்லாதவளைத் தாமாகக் கூப்பிட்டவருக்கோ அந்தச் சலுகை கிடையாது. கூப்பிட்டவர் கதவைத் திறக்குமுன்பே உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்லியாக வேண்டும். ஒரு காலத்தில் உத்தரவு போல வந்த கடிதத்தோடு இப்போது ஒரு பிரசுரம் வருகிறது. இத்தனை பேர் பிழைக்கிறார்கள், இத்தனை பேருக்கு வேண்டாத சிகிச்சை நடக்கிறது, வருவதும் வராததும் உங்கள் இஷ்டம் என்று அதில் அச்சிட்டிருக்கிறது. முப்பது வருஷத்தில் யந்திரங்கள் எவ்வளவோ மாறின. என் மட்டில் அந்தச் சில வரிகளைத்தான் பெரிய முன்னேற்றம் என்பேன்.

அந்தப் பிரசுரத்தில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. அதில் எந்தக் கட்சிக்கும் சச்சரவு கிடையாது. கடிதம் நோய்க்குறி இல்லாதவர்களுக்குத்தான். கையில் ஒரு கட்டி தட்டுப்பட்டாலும், தோல் சுருங்கினாலும், காம்பு உள்வாங்கினாலும், உடனே டாக்டரிடம் போக வேண்டியது. அடுத்த கடிதம் வரட்டும் என்று ஒரு நாளும் காத்திருக்கக் கூடாது. அங்கே லட்சம் பேருடைய கணக்கு முடிந்து, ஒருத்தியின் கதை ஆரம்பமாகி விடுகிறது.